பழத்துக்கு அடுப்பு காட்டாதீர்கள்

சித்திரை வெயிலில் எங்கள் வீட்டு மதியச் சாப்பாடு முடிய மூன்று மணி ஆகிவிடும். உப்புக்கறி, நண்டு மசாலா, மிளகு தூக்கிய ரசம் என்று ஒவ்வொன்றாக இறங்கிய பிறகு, கடைசியில் இனிப்பாகக் கவுனி அரிசியோ உக்காரையோ இலையில் வந்து விழும். இரண்டும் எனக்கு உயிர். ஆனால் மூன்று வருடத்துக்கு முன்னால் ஒரு நாள், கை கழுவிவிட்டு வந்து பட்டாலைத் தூணில் சாய்ந்து உட்கார்ந்த அப்பத்தா, "வயிறு நெறஞ்சிருச்சு ஆத்தா, வாய்தான் இன்னும் காஞ்சு கெடக்கு. சில்லுன்னு, புளிப்பும் இனிப்புமா ஏதாவது இருந்தாக் குடேன்" என்றார். ஐஸ்கிரீம் அவருக்குப் பிடிக்காது. அண்ணத்தில் மெழுகு மாதிரி ஒட்டுகிறது என்பார். அன்றைக்கு வீட்டில் நீர்மோர்தான் இருந்தது. அதைக் குடித்துவிட்டு ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் படுத்துக்கொண்டார். எனக்குத்தான் மனம் கேட்கவில்லை.

மொராக்கோ நாட்டில் ஆரஞ்சுப் பழத்தை வட்ட வட்டமாக அரிந்து, பட்டைத் தூளும் ஆரஞ்சுப் பூவிலிருந்து வடித்த பன்னீரும் தெளித்து, குளிர வைத்து விருந்தின் முடிவில் பரிமாறுவார்கள். இது எனக்கு முன்பே தெரியும். பட்டை நம் வீட்டு அஞ்சறைப் பெட்டியிலேயே இருக்கிறது. கூடவே கிராம்பும் ஏலக்காயும் அன்னாசிப்பூவும் இருக்கின்றன. கறிக்குப் போடும் இதே சாமான்களைச் சர்க்கரைப் பாகில் ஊற வைத்து, அந்தப் பாகைக் குளிர்ந்த பழத்தின்மேல் ஊற்றினால் அப்பத்தா கேட்டது கிடைத்துவிடும் என்று நினைத்தேன். யோசனையில் தவறில்லை. சரியாகச் செய்து முடிக்கத்தான் பல நாள் ஆயிற்று. நடுவில் நான் கெடுத்தவற்றையும் சேர்த்தே எழுதுகிறேன், படிப்பவர்களுக்குப் பழமாவது மிஞ்சட்டும்.

முதல் தடவை சாத்துக்குடியில் செய்தேன். கோடையில் இங்கே எளிதாகக் கிடைப்பது அதுதான். பத்துப் பழத்தை உரித்து, சுளை சுளையாகப் பிரித்து, பாகு கொதிக்கும்போதே அதில் போட்டு ஐந்து நிமிடம் வேகவிட்டேன். சூடாக எடுத்து வாயில் போட்டுப் பார்த்தபோது நன்றாகவே இருந்தது. மூடி ஃபிரிட்ஜில் வைத்துவிட்டு மறுநாள் மதியம் எடுத்தேன். ஒரே கசப்பு. நார்த்தங்காய்த் தோலைக் கடித்தது போல நாக்கின் அடியில் போய் நின்றது. அப்பத்தா ஒரு சுளையைச் சுவைத்துவிட்டு, என் முகம் வாடிவிடக் கூடாதே என்று இன்னொன்றையும் வாயில் போட்டுக்கொண்டார். அதற்கு மேல் கிண்ணத்தை நானே வாங்கிக்கொண்டேன்.

காரணம் கொஞ்ச நாள் கழித்து ஒரு பழச்சாறு வண்டியில் பிடிபட்டது. வீட்டுக்கு எடுத்துப் போகச் சாத்துக்குடிச் சாறு கேட்டேன். "அக்கா, இங்கயே குடிச்சிருங்க. வச்சுக் குடிச்சா கசந்துரும்" என்றார் கடைக்காரர். பழம் மோசமில்லை, நேரம்தான் கசப்பைக் கொண்டு வருகிறது. பிறகு தேடிப் படித்ததில் இன்னும் தெளிவானது. இந்த வகைப் பழங்களின் சதையிலும் சவ்விலும் கசப்பே இல்லாத ஒரு பொருள் இருக்கிறது. பழம் முழுசாக இருக்கும் வரை அது அப்படியே இருக்கும். அறுத்து, நசுங்கி, பழத்தின் புளிப்புச் சாறு அதன்மேல் பட்டதும் மெல்ல மெல்ல லிமோனின் என்ற கசப்புப் பொருளாக மாறுகிறது. சூடு பட்டால் அந்த மாற்றம் வேகம் எடுக்கும். நான் சாத்துக்குடியைச் சவ்வோடும் வெள்ளைப் பஞ்சோடும் கொதிக்க வைத்து, ஒரு ராத்திரி முழுக்க ஊறவும் விட்டிருக்கிறேன். கசப்பு வருவதற்கு என்னென்ன வேண்டுமோ அத்தனையையும் செய்திருக்கிறேன்.

அன்றிலிருந்து எங்கள் அடுப்படியில் இதற்கு ஒரே சட்டம்தான். பழம் அடுப்புப் பக்கமே போகக் கூடாது. பாகு தனியாகக் கொதித்து, தனியாக ஆறி, தனியாகக் குளிர்ந்து, கடைசியில் பழத்திடம் வர வேண்டும். மற்ற எல்லாவற்றிலும் அவரவர் விருப்பம்போல மாற்றிக்கொள்ளலாம். இதில் மட்டும் நான் யாருக்கும் விட்டுக்கொடுப்பதில்லை.

பழத்தைப் பற்றிச் சொல்கிறேன். எனக்கு மிகவும் ஒத்துவந்தது நாக்பூர் ஆரஞ்சு. அதற்கு இரண்டு பருவம் உண்டு. நவம்பர், டிசம்பரில் ஒரு வரத்து, பிப்ரவரி, மார்ச்சில் இன்னொரு வரத்து. இரண்டாவது வரத்தில் இனிப்பும் புளிப்பும் நன்றாகத் தூக்கலாக இருப்பது போல எனக்குத் தோன்றும். மாசி மாதம் காரைக்குடியில் பகல் வெயில் ஏறத் தொடங்கும் நேரத்தில் அந்தப் பழம் வந்து இறங்குவது நல்ல பொருத்தம். கொடைக்கானல் பக்கத்துக் கமலா ஆரஞ்சில் மணம் அதிகம், தோலும் தளர்வாக இருக்கும். ஆனால் கொட்டை எடுத்து மாளாது. நாலைந்து பேருக்கு என்றால் அதையே வாங்குவேன், கூட்டத்துக்கு வாங்க மாட்டேன். வெளிநாட்டிலிருந்து வரும் கெட்டித் தோல் ஆரஞ்சைக் கத்தியால் வட்டமாக அரிந்தால் பார்க்க அழகு. அதில் தொப்புள் வைத்த வகை அறுத்து வைத்தால் சீக்கிரம் கசக்கும். அரிந்த இரண்டு மணி நேரத்துக்குள் பரிமாறுவதானால் மட்டும் எடுங்கள். சாத்துக்குடியை நான் விட்டுவிட்டேன்.

எது வாங்கினாலும் கையில் தூக்கிப் பாருங்கள். அளவுக்கு மீறிக் கனக்கும் பழத்தில் சாறு இருக்கும். தோல் பளபளப்பாக உப்பி, உள்ளே பழம் ஆடுவது போலிருந்தால் சக்கைதான். நிறத்தை நம்ப வேண்டாம், பச்சை படர்ந்த ஆரஞ்சு சில சமயம் தேனாக இருக்கும்.

பம்பளிமாஸையும் இதில் சேர்ப்பேன். அது ஆரம்பத்திலேயே கொஞ்சம் கசக்கும் பழம். நாரின்ஜின் என்ற அந்தக் கசப்பு பெரும்பாலும் சவ்விலும் வெள்ளைப் பஞ்சிலும் இருக்கிறது. சவ்வை முழுக்க உரித்து, உள்ளே இருக்கும் முத்து முத்தான சதையை மட்டும் உதிர்த்து எடுத்தால் கசப்பு மெல்லிய சாயலாகத்தான் தெரியும், ஆரஞ்சின் இனிப்புக்கு நடுவே அது நன்றாகவும் இருக்கும். ஆனால் ஒன்று. கொழுப்பைக் குறைக்கும் சில மாத்திரைகளையும் இரத்த அழுத்தத்துக்கான சில மாத்திரைகளையும் சாப்பிடுகிறவர்களுக்குப் பம்பளிமாஸும் அதன் உறவான கிரேப்ஃபுரூட்டும் ஆகாது. மருந்து உடம்பில் வழக்கத்தைவிடக் கூடுதலாகத் தங்கிவிடும். அப்பத்தா அப்படிப்பட்ட மாத்திரை சாப்பிடுகிறார். மருத்துவரிடம் கேட்டோம், வேண்டாம் என்றார். ஆகவே பெரியவர்கள் இருக்கும் பந்தியில் பம்பளிமாஸ் கலந்ததைத் தனிக் கிண்ணத்தில்தான் வைப்பேன், பரிமாறும்போது வாய்விட்டுச் சொல்லியும் விடுவேன்.

உரிப்பதுதான் இதில் உண்மையான வேலை. முழுப் பழத்தை உரித்ததும் மேலே படர்ந்திருக்கும் வெள்ளை நாரைக் கையால் எடுத்துவிடலாம். அதற்கப்புறம் ஒவ்வொரு சுளைக்கும் முதுகு, வயிறு என்று இரண்டு பக்கம் உண்டு. கொட்டை இருக்கும் வயிற்றுப் பக்கத்து விளிம்பைக் கத்தரிக்கோலால் ஒரு கீறு கீறி, சவ்வை இரண்டு பக்கமும் விரித்து, சதையை உடையாமல் தள்ளி எடுக்க வேண்டும். முதல் பத்துச் சுளை உடையும். பிறகு கை பழகிவிடும். என்னைப் பெற்ற ஆத்தா இதை என்னைவிட வேகமாகச் செய்வார். ஒரு பழத்துக்கு அவருக்கு ஒன்றரை நிமிடம், எனக்கு மூன்று. உடைந்த சுளைகளை வீணாக்காமல் பிழிந்து, அந்தச் சாற்றைப் பிறகு பாகில் சேர்த்துக்கொள்ளுங்கள். எல்லாப் பழத்துக்கும் சவ்வு உரிக்கப் பொறுமையில்லை என்றால், கெட்டித் தோல் பழத்தை எடுத்து, மேலும் கீழும் சீவி நிற்க வைத்து, தோலையும் வெள்ளைப் பஞ்சையும் ஒன்றாகக் கத்தியால் இறக்கி, அரை விரல் கனத்தில் வட்டமாக அரிந்துவிடுங்கள். சுவையில் ஒரு படி குறைவுதான், ஆனாலும் மரியாதையான இனிப்பு.

இனி பாகு. இரண்டாவது முறை நான் கெடுத்தது இங்கேதான். செட்டிநாட்டுக் கை அல்லவா, சாமான் குறைத்துப் போட மனம் வரவில்லை. ஆறு பேருக்கான பாகில் எட்டுக் கிராம்பு, மூன்று அன்னாசிப்பூ, ஒரு ஜாதிபத்திரி இதழ், மணத்துக்கு இருக்கட்டும் என்று ஒரு துளிக் கல்பாசி. பாகு ஆறும்வரை அவற்றை எடுக்கவும் இல்லை. பழத்தோடு சேர்த்துச் சாப்பிட்டதும் நாக்கு மரத்துப் போனது. "பல்லுவலிக்கு வச்ச மருந்து மாதிரி இருக்கு ஆத்தா" என்றார் அப்பத்தா. சரியாகத்தான் சொன்னார். கிராம்பில் இருக்கும் யூஜெனால்தான் பல்வலிக்கு வைக்கும் கிராம்புத் தைலத்திலும் இருப்பது, மரத்துப்போகச் செய்வதே அதன் குணம். கல்பாசி கொழுப்பில் வதங்கினால்தான் மணக்கும், தண்ணீரில் கிடந்தால் மண்வாடை அடிக்கும். கறியில் எண்ணெயும் வெங்காயமும் தேங்காயும் இந்தச் சாமான்களின் முரட்டுத்தனத்தைத் தாங்கிக்கொள்கின்றன. பாகில் அவற்றைத் தாங்க ஆளில்லை. தண்ணீரும் சர்க்கரையும் மட்டும்தானே?

இப்போது ஆறு பேருக்கு நான் வைக்கும் அளவு இது. நடுத்தர அளவு ஆரஞ்சு எட்டு. சர்க்கரை 200 கிராம், தண்ணீர் 300 மில்லி. இரண்டு அங்குலப் பட்டை ஒன்று, கிராம்பு இரண்டு, அன்னாசிப்பூ ஒன்று, நசுக்கிய ஏலக்காய் மூன்று, முழு மிளகு ஆறு, ஒரு சிட்டிகை உப்பு. ஆரஞ்சுத் தோலின் மேல்பூச்சை மட்டும், வெள்ளை ஒட்டாமல், சீவிய இரண்டு கீற்று. எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டுச் சர்க்கரை கரைந்து கொதி வந்ததும் தணலைக் குறைத்து எட்டு நிமிடம். பிறகு அடுப்பை அணைத்து மூடி இருபது நிமிடம். உடனே வடிகட்டிவிட வேண்டும். சாமான் உள்ளேயே கிடந்தால் மணம் கூடுவதில்லை, துவர்ப்பும் கசப்பும்தான் கூடும். கம்பிப் பதம் எல்லாம் பார்க்காதீர்கள். கரண்டியிலிருந்து எண்ணெய் போல வழிந்தால் போதும். ஆறியதும் எலுமிச்சைச் சாறு ஒரு தேக்கரண்டி.

பட்டையைப் பற்றி ஒரு வார்த்தை. மளிகைக் கடையில் சாதாரணமாகக் கிடைக்கும் தடித்த, மரப்பட்டை போன்றது பெரும்பாலும் காசியா வகை. காரமும் உறைப்பும் அதிகம், கறிக்கு அதுதான் சரி. இந்த இனிப்புக்கு இலங்கைப் பட்டை நல்லது. மெல்லிய தாள்களைச் சுருட்டி வைத்தது போல இருக்கும், கையால் ஒடித்தால் பொடியும். மணம் மென்மையானது. இரண்டும் கடையில் ஒரே டப்பாவில் கலந்து கிடக்கும்போது கேட்டு வாங்குங்கள். தூளாக எதையும் போடாதீர்கள். பட்டைத் தூள் பாகில் கரையாமல் கொழகொழவென்று ஆகிப் பழத்தில் அப்பிக்கொள்ளும்.

அன்னாசிப்பூவைக் கையில் எடுக்கும்போதெல்லாம் எனக்கு ஓர் எண்ணம் வரும். தென்சீனத்திலும் வடவியட்நாமிலும் விளைவது அது. நம் ஊர்ச் செட்டியார்கள் ரங்கூன், பினாங்கு, சைகோன் என்று போய்த் தொழில் செய்தவர்கள். எந்தக் கப்பலில், யார் மூட்டையில் இது எங்கள் வீட்டு அஞ்சறைப் பெட்டிக்கு வந்து சேர்ந்ததோ! இதழ் உடைந்தவற்றை ஒதுக்கி, எட்டு இதழும் உள்ள முழுப் பூவாக ஒன்றை எடுத்துப் பாகில் மிதக்க விடுவது எனக்குப் பிடித்த வேலை.

இனிப்பின் அளவு ஒரு நுணுக்கம். சூடாக இருக்கும்போது பாகை ருசி பார்த்து முடிவு செய்யாதீர்கள். குளிர்ந்த பண்டத்தில் இனிப்பு நாக்குக்குக் குறைவாகவே தெரியும், மணமும் அடங்கும். சூட்டில் சரியாக இருந்த பாகு ஃபிரிட்ஜிலிருந்து வரும்போது சப்பென்று இருக்கும். அதோடு, சர்க்கரை பழத்திலிருந்து சாற்றை இழுக்கும். இரண்டு மணி நேரத்தில் கிண்ணத்தில் பாகு கூடியிருப்பதை நீங்களே பார்க்கலாம். ஆகவே பாகு சூட்டில் 'கொஞ்சம் அதிகம்' என்று தோன்றும் அளவுக்கு இனிப்பாக இருந்தால்தான் கடைசியில் அளவாக நிற்கும். நான் ஒரு கரண்டிப் பாகைச் சின்னக் கிண்ணத்தில் எடுத்து ஐஸ் பெட்டியில் ஐந்து நிமிடம் வைத்து, குளிர்ந்த பிறகு ருசி பார்ப்பேன். அதுதான் நம்பகமான வழி.

பனங்கற்கண்டில் செய்தால் இன்னொரு அழகு. நிறம் தேன் போல ஆகும், மிளகும் சுக்கும் அதோடு நன்றாகச் சேரும். ஒரு துண்டு சுக்கைத் தட்டிப் போட்டுக்கொள்ளலாம். கருப்பட்டியும் முயன்றேன், அதன் வாசனை ஆரஞ்சை அமுக்கிவிடுகிறது. அப்பச்சிக்கு, அதாவது என் அப்பாவுக்கு, சர்க்கரை நோய் இருப்பதால் அவருக்குப் பாகே கிடையாது. அதே சாமான்களை வெறும் வெந்நீரில் போட்டு வடித்து, குளிரவிட்டு, அதில் நாலு சுளை. பனங்கற்கண்டு என்றால் பரவாயில்லை என்று சிலர் நினைக்கிறார்கள், அதுவும் சர்க்கரைதான்.

பாத்திரத்தில் ஒரு முறை பெரிய தவறு செய்தேன். இரண்டாங்கட்டில் அப்பத்தா காலத்துப் பித்தளை உருளி ஒன்று இருக்கிறது. பார்க்க அவ்வளவு லட்சணம். பழத்தையும் பாகையும் அதில் கலந்து ராத்திரி வைத்துவிட்டேன். ஈயப் பூச்சு பல இடத்தில் போயிருந்ததை நான் கவனிக்கவில்லை. காலையில் விளிம்பில் பச்சை படர்ந்திருந்தது, வாயில் வைக்கவே முடியாத உலோக ருசி. அத்தனையையும் கொட்டினேன். ஆரஞ்சின் புளிப்பு செம்பையும் பித்தளையையும் அரிக்கும், அப்படி அரித்ததைச் சாப்பிட்டால் வயிற்றைப் பிரட்டும். அலுமினியமும் வேண்டாம். கண்ணாடி, பீங்கான், எவர்சில்வர் இந்த மூன்றும் பத்திரம்.

எனாமலும் பத்திரம்தான், பூச்சு உடையாமல் இருந்தால். எங்கள் வீட்டுச் சாமான் அறையில் அடியில் ஸ்வீடன் என்று முத்திரை குத்திய எனாமல் சட்டிகள் அடுக்கி வைத்திருக்கின்றன. எங்கள் ஐயாவுக்கும் முந்தின தலைமுறை வாங்கியவை. காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருப் பழைய சாமான் கடைகளில் இப்போது இதே சட்டிகளை விலைக்கு வைத்திருப்பதைப் பார்த்திருப்பீர்கள். வெள்ளைச் சட்டி, நீல விளிம்பு, உள்ளே ஆரஞ்சுச் சுளை. அந்தக் காட்சிக்காகவே ஒரு சட்டியைத் தேடி எடுத்து, வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்து, எங்கும் சில்லுப் போகவில்லை என்று உறுதி செய்துகொண்டு, இதற்கென்று ஒதுக்கிவிட்டேன்.

குளிர வைப்பது பெரிய வித்தை இல்லை. பழமும் பாகும் தனித்தனியே ஃபிரிட்ஜில் குளிர்ந்திருக்க வேண்டும், பரிமாறுவதற்கு இரண்டு அல்லது மூன்று மணி நேரம் முன்னால் கலக்க வேண்டும். கண்டிப்பாக மூடி வைக்க வேண்டும். மீன் குழம்பு இருக்கும் ஃபிரிட்ஜில் திறந்து வைத்த ஆரஞ்சு என்ன ஆகும் என்று நான் விவரிக்க வேண்டாம். அவசரத்துக்கு ஐஸ் பெட்டியில் தள்ளாதீர்கள். சுளைக்குள் இருக்கும் சாறு உறைந்து, சதைப் பைகள் கிழிந்து, எடுத்து வைத்ததும் தொளதொளவென்று ஆகிவிடும். மறுநாளைக்கு வைத்தால் கெட்டுப் போகாது, ஆனால் பழத்தின் உயிர் போயிருக்கும்.

சென்ற வருடம் மாசியில் எங்கள் வீட்டில் முன்னோருக்குப் படைப்பு. பங்காளிகள் எல்லாரும் வந்திருந்தார்கள். படைப்பில் என்ன வைக்க வேண்டும் என்பதற்கு வழக்கம் இருக்கிறது, அதில் புதிதாக எதையும் நுழைக்க முடியாது, நுழைக்கவும் கூடாது. மறுநாள் மதியம் தங்கியிருந்த நாற்பது பேருக்குச் சாப்பாடு. அன்றைக்கு இந்த ஆரஞ்சை வைக்கலாமா என்று ஆத்தாவிடம் கேட்டேன். "நாப்பது பேருக்குச் சவ்வு உரிக்கப் போறியா?" என்று கேட்டவர், காலை ஆறு மணிக்கு அவரே கத்தரிக்கோலோடு வளவில் வந்து உட்கார்ந்துவிட்டார். சித்தி, அண்ணமிண்டி (அண்ணன் மனைவி), பிள்ளைகள் என்று எட்டுப் பேர் சுற்றி உட்கார்ந்து ஐம்பத்தைந்து பழத்தை உரித்தோம். ஒன்பது மணிக்குள் முடிந்தது. பேச்சு வேறு இருந்ததால் உரித்ததே தெரியவில்லை.

பெரிய அளவில் செய்யும்போது சாமானை அப்படியே பெருக்கிவிடக் கூடாது. சர்க்கரையும் தண்ணீரும் பழத்துக்கு ஏற்பக் கூடும். சாமான் அந்த விகிதத்தில் கூடினால் தூக்கிவிடும். ஆறு பேர் அளவை ஏழு மடங்காக்கினால் அன்னாசிப்பூ ஏழு வரும். நான் நாலு போட்டேன், அதுவே போதுமாக இருந்தது. பாகை முதல் நாள் ராத்திரியே காய்ச்சி வடிகட்டி வைத்துவிட்டேன். அது ஒரு நாள் இருந்தால் சுவை இன்னும் கூடி வரும். காத்திருக்கக் கூடாதது பழம் மட்டும்தான்.

நாற்பது பேருக்கானது ஃபிரிட்ஜில் கொள்ளுமா? கொள்ளாது. பெரிய அண்டாவில் பார் ஐஸை உடைத்துப் போட்டு, கொஞ்சம் தண்ணீர் ஊற்றி, நடுவில் மூடிய எவர்சில்வர் தூக்குகளை இறக்கினோம். மேலே நனைத்த சாக்கு. ஒரு கை கல் உப்பை ஐஸில் தூவினால் குளிர் கூடும். அள்ளிக் கொட்டினால் ஐஸின் குளிர் பூஜ்யத்துக்கும் கீழே இறங்கி, தூக்கின் ஓரத்தில் இருக்கும் சுளைகள் உறைந்துவிடும். ஒரு தூக்கில் அப்படி ஆகித்தான் இதைக் கற்றுக்கொண்டேன். அந்தப் பார் ஐஸ் குடிக்கும் தண்ணீரில் செய்ததாக இருக்காது. வெளியே மட்டும்தான் இருக்க வேண்டும், ஒரு துளிகூடப் பண்டத்தில் படக் கூடாது. பதினொரு மணிக்கு மின்சாரம் போய் இரண்டு மணிக்குத்தான் வந்தது. அண்டா எங்களைக் காப்பாற்றியது.

இலையில் பரிமாறினால் பாகு ஓடிவிடும் என்பதால் சாப்பாடு முடிந்து எல்லாரும் முகப்பில் வந்து உட்கார்ந்த பிறகு சின்னக் கிண்ணங்களில் கொடுத்தோம். ஒரு கிண்ணத்துக்கு எட்டு, ஒன்பது சுளை, மேலே பாகு, வறுத்துத் தட்டிய ஏலக்காய் ஒரு சிட்டிகை. பால், பாலேடு எதையும் இதன்மேல் ஊற்றாதீர்கள், புளிப்பில் திரிந்துவிடும். பிள்ளைகள் கிண்ணத்தைத் தூக்கிக் குடித்தார்கள். அவர்களைப் பார்த்துப் பெரியவர்களும் குடித்தார்கள். தேவகோட்டையிலிருந்து வந்திருந்த பெரியப்பா, "இதென்ன, கறிச்சாமான் வாசமா இருக்கே" என்றார். ஆமாம் என்றதும் இன்னொரு கிண்ணம் கேட்டார்.

உரித்த தோலை ஆத்தா எறிய விடவில்லை. கெட்டித் தோல் இருந்தால் அதை மெல்லிய குச்சிகளாக அரிந்து, மூன்று தடவை தண்ணீர் மாற்றி மாற்றிக் கொதிக்க வைத்து வடித்தால் கசப்பு இறங்கிவிடும். பிறகு அதே எடைச் சர்க்கரையில் கண்ணாடி போல ஆகும்வரை வேக வைத்து உலர்த்தலாம். பழத்துக்கு அடுப்பு ஆகாது, தோலுக்கு அடுப்பு இல்லாமல் ஆகாது. நாக்பூர்த் தோல் மெல்லியது, இதற்கு அவ்வளவு வாகில்லை. அதை வெயிலில் காயவைத்து டீத்தூள் டப்பாவில் போட்டு வைத்தோம்.

கூட்டம் கலைந்த பிறகு அப்பத்தாவுக்குக் கிண்ணம் கொண்டு போனேன். பட்டாலையில் அதே தூணில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். ஒவ்வொரு சுளையாக எடுத்து, வாயில் கொஞ்ச நேரம் வைத்திருந்து, நிதானமாகச் சாப்பிட்டார். மிச்சமிருந்த பாகை அவருடைய வெள்ளி டம்ளரில் ஊற்றச் சொல்லி, பானைத் தண்ணீர் கலந்து குடித்தார். நான் பக்கத்திலேயே உட்கார்ந்து அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"ஆறு பேருக்கு எத்தனை கிராம்பு போடுவே?"

"மூணு, அப்பத்தா."

"ரெண்டு போடு."

அடுத்த தடவை இரண்டு போட்டேன். கேட்டு வாங்கி இரண்டு கிண்ணம் சாப்பிட்டார்.